பதினாறு கழிந்த பிறகு யாரிடம் பேசுவது, எப்படிப் பேசுவது: துணையை இழந்தவர்களுக்கு

கன்னியாகுமரி மாவட்டத்தில் எங்கள் குலசேகரம், திருவட்டார் பக்கத்தில் ஒரு வீட்டில் இறப்பு நடந்தால் பதினாறாம் நாள் காரியமான அடியந்திரம் வரைக்கும் பேச்சுக்குக் குறைவிருக்காது. துஷ்டி கேட்க வருகிறவர்கள் எல்லாரும் "எப்பிடி ஆச்சு, கடைசியா என்ன சொன்னாவ?" என்று கேட்பார்கள். நாமும் சொல்லிக்கொண்டே இருப்போம். பந்தலைப் பிரித்து வாடகை நாற்காலிகளை டெம்போவில் ஏற்றி அனுப்பிய பிறகு அந்தக் கேள்வி நின்றுவிடும். கேட்டால் இவரை அழவைத்துவிடுவோமோ என்று அவர்கள் ஒதுங்குவார்கள். சொன்னால் அவர்களுக்குப் பாரமாகிவிடுவோமோ என்று நாம் வாயை மூடிக்கொள்வோம். ஆனால் ஆள் இல்லாத வீடு என்றால் என்ன என்பது நமக்கு உறைக்க ஆரம்பிப்பதே அப்போதுதான்.

அதனால் நான் சொல்ல வருவது இதுதான். பதினாறு வரைக்கும் ஊர் நமக்காகப் பேச்சை ஏற்பாடு செய்துவைத்திருக்கிறது. அதற்குப் பிறகு ஆளையும் இடத்தையும் நேரத்தையும் நாமேதான் பார்த்து ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும். தானாக யாரும் வந்து கேட்பார்கள் என்று காத்திருந்தால் மாதங்கள் ஓடிவிடும்.

நான் அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவன். என் மனைவி அண்டி ஆபீசில், அதாவது முந்திரிப் பருப்பு ஆலையில், வேலை பார்த்தவள். புற்றுநோய் வந்து, திருவனந்தபுரம் ஆர்.சி.சி. புற்றுநோய் ஆஸ்பத்திரிக்கு மாறி மாறிப் போய்வந்து, கடைசியில் வீட்டிலேயே போய்ச் சேர்ந்தாள். அதற்குப் பிறகு ஊரிலும், என்னோடு வேலை பார்த்தவர்களிலும், துணையை இழந்த பலரோடு உட்கார்ந்து பேசியிருக்கிறேன். என் மகள் நர்ஸ். மருத்துவம் சம்பந்தமாக இதில் நான் சொல்வதெல்லாம் அவள் எனக்குச் சொல்லித் தந்தது.

முதலில் ஆள்

மிகவும் நெருங்கிய உறவுதான் இதற்கு ஏற்ற ஆள் என்று நினைத்துவிடாதீர்கள். உங்கள் மகனுக்கு அது தாயின் இழப்பு. மாமியாருக்கு அது பிள்ளையின் இழப்பு. அவர்களும் அதே வெள்ளத்தில் நிற்கிறவர்கள். அவர்களோடு பேச வேண்டியது வேறு, அதைப் பின்னால் சொல்கிறேன். முதல் பேச்சுக்கு ஒரு எட்டு தள்ளி இருக்கும் ஆள்தான் நல்லது.

எப்படிப்பட்ட ஆள்? நீங்கள் பேசும்போது இடையில் புகுந்து தன் கதையைச் சொல்லாதவர். கேட்டதை அடுத்த நாள் சாயாக்கடையில் கொண்டுபோய் இறக்கிவைக்காதவர். உங்களுக்குக் கடன் கொடுத்தவரோ உங்களிடம் கடன் வாங்கியவரோ வேண்டாம், மனசு அங்கே போய் நின்றுவிடும். இரண்டு மூன்று ஆண்டுகளுக்கு முன்னால் துணையை இழந்தவர் ஒருவர் அக்கம்பக்கத்தில் இருந்தால் அவரை விட நல்ல ஆள் கிடைக்காது. முன்பு எவ்வளவு பழக்கம் என்பது இதில் முக்கியமில்லை. எனக்கு வாய்த்தவர் என்னோடு பல வருஷம் ஒரே வண்டியில் ஓடிய டிரைவர் அண்ணன். வண்டியில் நாங்கள் சொந்த விஷயம் பேசியதே குறைவு.

பெண்களுக்கு மகளிர் குழுவிலோ நூறு நாள் வேலையிலோ கூட இருப்பவர்களில் ஒருவர் அமைவதை நிறையப் பார்த்திருக்கிறேன். மைனியோ நாத்தனாரோ நல்ல ஆளாக இருந்தால் கொடுத்துவைத்தவர். பாதிரியாரிடமோ போதகரிடமோ போகிறவர்கள் ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிடலாம்: "ஐயா, முதல்ல நான் சொல்லியத கேளுங்க, ஜெபம் அப்புறம் பண்ணலாம்." நல்ல போதகர் இதற்குக் கோபப்பட மாட்டார்.

ஆள் முடிவானதும் உங்களுக்கு என்ன வேண்டும் என்பதை வாய்திறந்து சொல்ல வேண்டும். பலர் இங்கேதான் தயங்கி நின்றுவிடுகிறார்கள். நாம் பேசத் தொடங்கியதும் கேட்கிறவர் பதறிப்போய் ஆறுதல் சொல்லவும் புத்தி சொல்லவும் ஆரம்பித்துவிடுவார், நம் பேச்சு அதோடு முடிந்துவிடும். அவரிடம் கெட்ட எண்ணம் கிடையாது. என்ன செய்ய வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை, அவ்வளவுதான். நான் டிரைவர் அண்ணனிடம் சொன்னது இப்படி: "அண்ணே, எனக்கு அவளப் பத்திக் கொஞ்சம் பேசணும். நீங்க பதில் ஒண்ணும் சொல்லாண்டாம். கேட்டுட்டு இருந்தா போதும். நான் அழுதாலும் விட்டுருங்க, அழுது தீந்ததும் நானே நிறுத்துவேன்." அவர் "செரி, சொல்லு" என்றார். அவ்வளவே போதுமாக இருந்தது. உங்களுக்கு நேரில் சொல்லக் கூச்சமாக இருந்தால் முந்தின நாள் போனில் சொல்லிவையுங்கள். "நாளைக்கு அஞ்சு மணிக்கு அந்தப் பக்கம் வாறேன், கொஞ்ச நேரம் வேணும்" என்று நேரத்தையும் சேர்த்துச் சொல்வது நல்லது. "ஒரு நாள் பேசணும்" என்று சொல்லிவைத்தால் அந்த ஒரு நாள் வரவே வராது.

எதிரெதிரே உட்கார வேண்டாம்

கண்டக்டர் வேலையில் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொண்டது இது. ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும் பெண்கள், முன்பின் தெரியாத பக்கத்து சீட்டுக்காரியிடம், வீட்டில் யாரிடமும் சொல்லாததைச் சொல்லிக்கொண்டு வருவார்கள். இரண்டு பேரும் பார்ப்பது ஜன்னலையோ முன் சீட்டின் முதுகையோதான். முகத்தைப் பார்க்க வேண்டாம் என்னும்போது வாய் தானாகத் திறக்கிறது. ஆண்களுக்கு இது இன்னும் பொருந்தும். வீட்டு ஹாலில் நேருக்கு நேர் நாற்காலி போட்டு, நடுவில் சாயாவும் மிக்சரும் வைத்து, "ம், சொல்லுங்க" என்றால் எந்த ஆணும் பேச மாட்டார்.

பேச்சிப்பாறை அணைத் தண்ணீர் வரும் சானல்கரைகள் நம் மாவட்டத்தில் எத்தனையோ இருக்கின்றன. சாயங்காலம் கரையோடு சேர்ந்து நடங்கள். நடை சரிப்படாதவர்கள் பாலத்துச் சுவரில் பக்கத்தில் பக்கத்தில் உட்காருங்கள். கைக்கு வேலை இருந்தால் இன்னும் நல்லது. மரச்சீனிக் கிழங்கு தொலிப்பது, புளி உடைத்துக் கொட்டை எடுப்பது, ரப்பர் ஷீட்டைக் கொடியில் காயப்போடுவது, எதுவானாலும் சரி. கை வேலையில் இருக்கும்போது இடையில் பேச்சு நின்றாலும் சங்கடமாகத் தெரியாது.

ஒரு பொருளிலிருந்து ஆரம்பியுங்கள்

"மனசு எப்படி இருக்கு?" என்று கேட்டால் யாருக்கும் பதில் வராது. "இருக்கு" என்போம், "போகுது" என்போம். துக்கத்தை நேராகப் போய்ப் பிடிக்க முடியாது. வீட்டில் கிடக்கும் ஒரு பொருளைப் பிடித்தால் அது வரும்.

எனக்கு அவள் கை. அண்டி ஆபீசில் தல்லுகிற, அதாவது கொட்டையை உடைத்துப் பருப்பெடுக்கிற, வேலை செய்த பெண்களின் கையைப் பார்த்திருப்பீர்கள். ஓட்டுக்குள் இருக்கும் எண்ணெய் பட்டுப் பட்டு, சாம்பலைத் தொட்டுத் தொட்டு, பெருவிரலும் ஆள்காட்டி விரலும் கறுத்துப்போயிருக்கும். நகக் கண்ணில் ஏறிய கறை எந்த சோப்புக்கும் போகாது. கல்யாண வீட்டுக்குப் புறப்படும்போது எலுமிச்சம்பழத் தொலியை வைத்துத் தேய்தேயென்று தேய்ப்பாள், அப்புறம் சேலைத் தலைப்புக்குள் அந்தக் கையை மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். நோயில் படுத்து வேலைக்குப் போகாத அந்தக் காலத்தில், மெல்ல மெல்ல அந்தக் கறை விட்டுப்போயிற்று. கடைசி மாதம் அவள் கை வெளுத்து, கல்யாணத்தின்போது இருந்ததுபோல் இருந்தது. ஒருநாள் அவளே தூக்கிக் காட்டி, "இஞ்ச பாருங்க, இப்பம் நல்லா ஆயிட்டு" என்றாள். டிரைவர் அண்ணனிடம் நான் முதலில் சொன்னது இதைத்தான். அவள் நல்லவள், பொறுமைசாலி, குடும்பத்துக்காக உழைத்தவள் என்று பதினாறு வரைக்கும் எத்தனையோ பேரிடம் சொல்லியிருந்தேன். அப்போதெல்லாம் வராத அழுகை அந்தக் கையைப் பற்றிச் சொன்னபோது வந்தது.

உங்களுக்கு அது அவர் உடுத்த சாரமாக (லுங்கி) இருக்கலாம், மூக்குக்கண்ணாடிக் கூடாக இருக்கலாம், மீன் குழம்புக்கு அவர் சொல்லும் குறையாக இருக்கலாம். சின்னதாகவும் குறிப்பாகவும் இருக்க வேண்டும். பேச்சில் அவர் பெயரையும் சொல்லுங்கள். வாழும் காலத்தில் கணவர் பெயரைச் சொல்லிப் பழகாத பெண்களுக்கு இது முதலில் நாக்கில் வராது. "எங்க வீட்டு அவிய" என்று தொடங்கினாலும் போதும்.

ஆளுக்கு ஏற்ற நீளம்

எல்லாரிடமும் எல்லாவற்றையும் சொல்ல வேண்டியதில்லை. டிக்கெட் மாதிரிதான், எவ்வளவு தூரம் வருகிற ஆளோ அவ்வளவுக்குக் கிழித்தால் போதும். அதனால் மூன்று நீளத்தில் தயாராக வைத்துக்கொள்ளுங்கள்.

குறைந்த நீளம் ஆபீசுகளுக்கு. இறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். அப்புறம் இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், குடும்ப அட்டையில் பெயர் நீக்கம், பாங்கு, எல்ஐசி, ஓய்வூதியம் என்று ஒவ்வொரு ஜன்னலிலும் ஒருவர் தலை நிமிராமல் "இறந்தது எப்பம், எப்பிடி?" என்று கேட்பார். ஒவ்வொரு தடவையும் நெஞ்சைத் திறந்தால் தாங்காது. "மார்ச்சில் இறந்தாள், புற்றுநோய், சான்றிதழ் இதோ" என்று ஒரே மூச்சில் சொல்லப் பழகிக்கொள்ளுங்கள். வீட்டிலேயே இரண்டு முறை சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். சான்றிதழ் நகல்களைக் கூடுதலாக எடுத்து ஒரு பைலில் வைத்துக்கொண்டால் பாதி கேள்விக்குத் தாளே பதில் சொல்லிவிடும். முதல் சில நாள் ஒரு துணையோடு போவது நல்லது.

நடு நீளம் வழியில் பார்க்கிறவர்களுக்கு. மார்த்தாண்டம் சந்தையில் பழைய ஆள் ஒருவர், விவரம் தெரியாமல், "வீட்டுக்காரி சுகமா இருக்காளா?" என்று கேட்பார். இது நடக்கும், நிச்சயமாக நடக்கும். "அவ தவறிட்டா அண்ணாச்சி. உங்கள ஓர்மை வச்சிருந்தா. இப்பம் நின்னு பேச முடியல்ல, இன்னொரு நாள் வாறேன்" என்று சொல்லி நகர்ந்துவிடலாம். "சுகமா இருக்கா" என்று வாய் தவறி வந்துவிட்டாலும் அதற்காக வருந்த வேண்டாம். பலருக்கும் அப்படி வருகிறது.

முழு நீளம், நீங்கள் தேர்ந்தெடுத்த அந்த ஒருவருக்கோ இருவருக்கோதான்.

வாயை அடைக்கும் ஆறுதல்கள்

"விதி அவ்வளவுதான்." "ஆண்டவருக்குச் சித்தம்." "கஷ்டப்படாம போயிட்டாளே, அதுவே பெரிசு." "அழுதா ஆத்மாவுக்கு ஆகாது." "உனக்குப் பிள்ளைகள் இருக்கு, அதுகளப் பாரு." இவை எல்லாம் அன்பில் வருகிறவைதான். ஆனாலும் இவை ஒவ்வொன்றும் நம் வாயை அடைக்கின்றன. சண்டை போட வேண்டாம், தலையாட்டிவிட்டுச் சும்மாவும் இருக்க வேண்டாம். "நீங்க சொல்லியது செரிதான். ஆனா இப்பம் எனக்கு அழுதாத்தான் நல்லாருக்கும்" என்று மெதுவாகச் சொல்லிப் பாருங்கள். பெரும்பாலானவர்கள் புரிந்துகொள்கிறார்கள். ஒரு ஆச்சி அப்படிச் சொன்னதும், புத்தி சொல்ல வந்தவர் பக்கத்தில் உட்கார்ந்து தானும் அழுததை நான் பார்த்தேன்.

பெண்களுக்கு இன்னொன்றும் சேர்ந்துகொள்கிறது. வளையலைக் கழற்று, பொட்டை அழி, நல்ல காரியத்தில் முன்னால் நிற்காதே என்பார்கள். கணவன் இறந்த வேதனையோடு இந்த அவமானத்தையும் ஒரு பெண் ஏன் சுமக்க வேண்டும்? இதைத் துக்கத்தோடு சேர்த்து உள்ளே வைத்துக்கொள்ளாமல் தனியாக எடுத்துப் பேசுங்கள். வீட்டில் கல்யாணம் வருகிறது என்றால் ஒரு மாதம் முன்னாலேயே மகனிடமோ அண்ணனிடமோ, "நான் எங்க நிக்கணும்னு நான்தான் சொல்லுவேன், யாராவது ஏதாவது சொன்னா நீ என் பக்கம் நிக்கணும்" என்று சொல்லிவையுங்கள். அன்றைக்கு மண்டபத்தில் வைத்துப் பேச முடியாது. மகன்களே, அம்மா வாய்திறக்கும் வரை காத்திருக்காமல் நீங்களே சொல்லுங்கள்.

பிள்ளைகளோடு

நம் வீடுகளில் ஒரு பிள்ளை துபாயிலோ மஸ்கட்டிலோ இருக்கும். போனில் அது "சாப்ட்டீங்களா, மாத்திரை போட்டீங்களா" என்று கேட்கும், நாம் "போட்டேன் மக்ளே, நீ கவனமா இரு" என்போம். இரண்டு பக்கமும் அழுகையை மறைத்துக்கொண்டு பேசும் பேச்சு இது. பிள்ளைக்கு மனசு கஷ்டப்படக் கூடாது என்று நாம் மறைக்கிறோம். அப்பா தாங்க மாட்டார் என்று அது மறைக்கிறது. அதற்கும் பேச வேறு யாருமில்லை, தொழிலாளர் முகாமில் மேல் கட்டிலில் படுத்துக்கொண்டு யாரிடம் சொல்லும்?

இதை உடைக்கிறவர் நாமாகத்தான் இருக்க வேண்டும். "மக்ளே, இன்னிக்கு உங்க அம்மைய ஒருபாடு தேடிச்சு. உனக்கும் தேடுமே?" என்று கேளுங்கள். அந்தக் கேள்விக்குப் பிறகு பதில் வரும்வரை பொறுத்திருங்கள். அழுகை வந்தால் போனை வைத்துவிடாதீர்கள். நேரில் பேச வராதவர்கள் வாட்சப்பில் குரலைப் பதிந்து அனுப்பலாம். மகனுக்கு நான் அப்படித்தான் அனுப்பினேன், அவன் அம்மா சின்ன வயதில் அவனை ஆற்றில் குளிக்கக் கூட்டிப்போன கதையை. அவன் டூட்டி முடிந்து ராத்திரியில் கேட்டுவிட்டுத் திருப்பி அனுப்பினான். இப்போது ஆடி மாதமானால் அவனே முதலில் அனுப்புகிறான்.

பேரப்பிள்ளைகளிடம் "பாட்டி தூங்குறா", "ஊருக்குப் போயிருக்கா" என்று சொல்ல வேண்டாம். தூங்கவே பயப்படும், அல்லது வாசலைப் பார்த்துக் காத்திருக்கும். செத்துப்போனாள், இனி வர மாட்டாள், எனக்கும் அழுகை வருகிறது என்று நேராகச் சொன்னால் குழந்தைகள் பெரியவர்களை விட நன்றாக ஏற்றுக்கொள்கின்றன.

சொல்லக் கூடாதது என்று நினைப்பவை

நோயில் கிடந்து போன துணை என்றால், போனபோது ஒரு நிமிஷம் "அப்பாடா" என்று தோன்றியிருக்கும். ராத்திரி ராத்திரியாக விழித்தவர்களுக்கு அது தோன்றாமல் இருக்காது. அடுத்த நிமிஷமே, இப்படி நினைத்துவிட்டேனே என்ற குற்ற உணர்ச்சியும் வரும். சிலருக்குக் கோபம் வரும், தன்னை இப்படி விட்டுவிட்டுப் போய்விட்டாரே என்று செத்தவர் மேலேயே. குடித்தோ அடித்தோ வாழ்ந்த கணவன் செத்தால் அழுகையோடு வேறு என்னவெல்லாமோ வரும். "இன்னும் கொஞ்சம் முன்னாடி கொண்டு போயிருந்தா" என்ற கேள்வி எல்லாருக்கும் வரும். இதையெல்லாம் சொல்லுங்கள். நல்ல ஞாபகங்களை மட்டும் சொல்லிக்கொண்டிருந்தால் உள்ளே கிடக்கிற வெப்ராளம் (மனப் புழுக்கம்) குறையாது. படுக்கையில் பக்கத்தில் ஆள் இல்லாத குளிரும் இதில் சேர்ந்ததுதான். அறுபது வயது ஆணோ பெண்ணோ அதைச் சொல்வதில் வெட்கப்பட எதுவும் இல்லை.

குடித்துவிட்டுப் பேசும் பேச்சைப் பற்றியும் ஆண்களிடம் சொல்ல வேண்டும். போதையில்தான் மனசு திறக்கிறது என்று பலரும் நம்புகிறார்கள். காலையில் எதுவும் மிச்சம் இருப்பதில்லை, கேட்டவரும் அதை ஒரு பேச்சாக எடுத்துக்கொள்வதில்லை. சாயாவோடு பேசுங்கள்.

உடல் கிடைக்காதவர்களுக்கு

கடற்கரை ரூட்டில் ஓடியவன் என்பதால் இதைச் சொல்லாமல் போக முடியாது. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் அடித்த பிறகு, தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை பக்கத்துப் பெண்கள் பிளாஸ்டிக் கவருக்குள் கணவர் போட்டோவையும் ஆதாரையும் வைத்துக்கொண்டு நாகர்கோவில் கலெக்டர் ஆபீசுக்குப் போய்வந்ததை மறக்க முடியாது. டிக்கெட் கேட்கவே எனக்கு நாக்கு எழவில்லை. அவர்களிடம் "எப்பம் இறந்தாரு?" என்று கேட்க முடியாது. "வந்துருவாரு" என்று சொல்லவும் முடியாது. காணாமல் போனவரை இறந்தவராகக் கொள்ளச் சட்டமே பொதுவாக ஏழு ஆண்டு பார்க்கிறது. மனசுக்கு என்ன கணக்கு?

அப்படிப்பட்டவர்கள், இறந்துவிட்டார் என்று முடிவுகட்டினால்தான் பேச வேண்டும் என்று நினைக்க வேண்டாம். "எனக்கு ஒரு நேரம் போயிட்டாருன்னு தோணுது, ஒரு நேரம் போட் சத்தம் கேட்டா எழும்பி வாசலுக்குப் போறேன்" என்று இரண்டையும் சேர்த்தே சொல்லலாம். கேட்கிறவர்கள் எந்தப் பக்கமும் இழுக்காதீர்கள். கல்லறை இல்லாதவர்களுக்கு, அவரைப் பற்றிப் பேச என்று ஒரு இடத்தை வீட்டிலோ கரையிலோ குறித்துக்கொள்வது உதவியிருக்கிறது என்று அந்தப் பக்கத்து அக்கா ஒருவர் என்னிடம் சொன்னார்.

நாள் வரும்போது

நவம்பர் 2 கல்லறைத் திருநாளுக்குப் பூவும் மெழுகுதிரியும் வாங்குகிறோம். ஆடி அமாவாசைக்குக் குழித்துறை ஆற்றிலோ கன்னியாகுமரிக் கடலிலோ இறந்தவர்களுக்குப் பலி (தர்ப்பணம்) போடுகிறோம். முஸ்லிம் வீடுகளில் கணவனை இழந்த பெண்ணுக்கு நாலு மாதம் பத்து நாள் இத்தா என்னும் காத்திருப்புக் காலம் இருக்கிறது. இந்த நாட்கள் எல்லாம் பேசுவதற்குக் கிடைத்த நாட்கள். பலி போட்டுவிட்டு வாவுபலி பொருட்காட்சியைச் சுற்றிவந்து பஸ் ஏறிவிடாமல், கரையில் அரை மணி நேரம் குடும்பமாக உட்கார்ந்து ஆளுக்கொரு சம்பவம் சொல்லுங்கள். கல்லறையை அலங்கரித்த பிறகும் அப்படியே. கல்யாண நாளும் பிறந்த நாளும் மற்றவர்களுக்கு ஞாபகம் இருக்காது. இரண்டு நாள் முன்னாலேயே உங்கள் ஆளிடம் சொல்லிவைத்துவிடுங்கள்.

பேசப் பிடிக்காத நாளும் உண்டு. தோட்டத்தில் உரம் போட்டுக்கொண்டு, டி.வி. பார்த்துக்கொண்டு, துக்கம் ஞாபகமே இல்லாமல் ஒரு பகல் போய்விடும், சாயங்காலம் அதை நினைத்து மனசு குத்தும். குத்த வேண்டியதில்லை. இழப்புக்குள் போவதும், வெளியே வந்து வாழ்க்கை வேலையைப் பார்ப்பதும், மறுபடி உள்ளே போவதும்தான் துக்கத்தின் இயல்பான நடை என்று 1999இல் நெதர்லாந்தில் இரண்டு ஆய்வாளர்கள் எழுதியிருப்பதாக மகள் சொன்னாள். ஐந்து படி ஏறினால் துக்கம் முடிந்துவிடும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். 1969இல் வந்த அந்த ஐந்து படிக் கணக்கு, சாகப்போகும் நோயாளிகளிடம் பேசி எழுதியது. மிச்சமிருக்கிறவர்களுக்கு அப்படி ஒரு வரிசை கிடையாது.

பேச்சு போதாதபோது

ஆறு மாதம் கழிந்தும் ஒவ்வொரு நாளும் முதல் நாள் போலவே இருக்கிறது, குளிக்கவோ சமைக்கவோ வெளியே இறங்கவோ முடியவில்லை என்றால் டாக்டரைப் பாருங்கள். உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலிலேயே, 2022 முதல் நடப்பில் இருப்பதில், நீண்டுபோகும் துக்கத்துக்கு ஒரு இடம் கொடுத்திருக்கிறார்கள். அதற்குச் சிகிச்சை உண்டு. ஆசாரிபள்ளம் மெடிக்கல் காலேஜில் மனநலப் பிரிவு இருக்கிறது. பைத்தியம் என்று ஊர் பேசுமோ என்று பயப்படுகிறவர்கள் முதலில் 14416 என்ற டெலி மானஸ் எண்ணையோ, தமிழ்நாடு அரசின் 104ஐயோ கூப்பிடலாம். தமிழில் பேசலாம், காசு கிடையாது, ராத்திரியிலும் எடுப்பார்கள்.

சாக வேண்டும் என்ற எண்ணம் வந்தால் ஆறு மாதக் கணக்கெல்லாம் பார்க்க வேண்டாம். அன்றைக்கே, அந்த நேரத்திலேயே யாரிடமாவது சொல்லுங்கள். துணை போன முதல் மாதங்களில் மிச்சமிருப்பவரின் உயிருக்கும் ஆபத்து கூடுகிறது, ஆண்களுக்கு அது இன்னும் அதிகம் என்று பல நாட்டு ஆய்வுகள் சொல்கின்றன. பிரஷர் மாத்திரையும் சுகர் மாத்திரையும் எடுத்துத் தந்த கை போய்விட்டதும் அதற்கு ஒரு காரணம். மாத்திரை போடுகிறாரா என்று யாராவது கண்காணியுங்கள்.

பார்க்கப் போகிறவர்களுக்கு

பதினாறு கழிந்து ஒரு மாதம், இரண்டு மாதம் ஆன பிறகு போங்கள். கூட்டமாகப் போகாமல் தனியாகப் போங்கள். "ஏதாவது வேணும்னா சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு வந்தால் யாரும் எதுவும் சொல்லிவிட மாட்டார்கள். "வியாழக்கிழமை சாயங்காலம் வாறேன்" என்று நாளைச் சொல்லுங்கள், சொன்ன நாளில் போங்கள். இறந்தவர் பெயரை நீங்களே எடுங்கள், உங்களுக்குத் தெரிந்த ஒரு சம்பவத்தைச் சொல்லுங்கள். அவர் அழுதால் தண்ணீர் எடுக்க ஓடாமல் பக்கத்தில் உட்கார்ந்திருங்கள். தனியாக இருக்கும் ஆண் வீடு என்றால் கையில் மீன் வாங்கிக்கொண்டு போகலாம். ஆனால் அப்படியே கொடுத்துவிட்டு வராதீர்கள். பலருக்கும் வெட்டத் தெரியாது. அடுக்களையில் உட்கார்ந்து செதில் சுரண்டி, வெட்டிக் கழுவி, குழம்பும் கூட்டிவைத்துவிட்டு வாருங்கள். அவரையும் பக்கத்தில் இருத்திச் சின்ன உள்ளி உரிக்கச் சொல்லுங்கள். அந்த நேரத்தில் பேசுவார்.